புதுவையில் மலர்ந்த பாரதியார் நூல்கள்

அலைகடல் ஓரத்துக் குருசுக்குப்பம் முதலிய ஊர்களைத் தன் வடபால் உடையது புதுவை மாநகர். பிரெஞ்சு ஆட்சியில் இருந்த இந்நகருக்கு 1908ஆம் ஆண்டில் அடைக்கலம் தேடி வந்தவர் மகாகவி சுப்பிரமணிய பாரதியார். அப்பொழுது அவருக்கு வயது 26 நிரம்பவில்லை.

1882 டிசம்பர் 11ஆம் நாள் எட்டயபுரத்தில் சின்னசாமி ஐயருக்கும் இலட்சுமி அம்மாளுக்கும் மகனாகத் தோன்றிய அவர், ஐந்தாம் வயதில் அன்னையையும் பதினாறாம் வயதில் தந்தையையும் இழந்தார். காசியில் கல்வி கற்று, மதுரையில் ஆசிரியராக அமர்ந்து, 1904இல் சுதேசமித்திரனில் உதவியாசிரியரானார். 1908இல் ஸ்வதேச கீதங்கள் நூலாக வெளிவந்தது. அவ்வாண்டிலேயே ‘இந்தியா’ இதழின் மீது ஆங்கில அரசின் கடுஞ்சினம் பாயவே, புதுவைக்கு வந்தார்.

இங்குத் தங்கிய பத்தாண்டுகளில் அவர் தொடாத துறை இல்லை. 1912இல் பாஞ்சாலி சபதத்தின் முதற்பாகம் அச்சேறிற்று. கண்ணனைத் தாயாகவும் சேவகனாகவும் காதலனாகவும் கண்டு பாடிய கண்ணன் பாட்டு 1917இல் வெளிவந்தது. முத்தியாலுப்பேட்டைக் கிருஷ்ணசாமிச் செட்டியாரின் தோப்பு, குயில் பாட்டுக்குக் களமாயிற்று. மணக்குள விநாயகர் மீது வெண்பா, கலித்துறை, விருத்தம், அகவல் என்னும் நால்வகைப் பாவால் 40 பாடல்கள் கொண்ட நான்மணிமாலை தொடுத்தார். பகவத் கீதையைத் தமிழாக்கினார். ஞானரதம் முதலிய உரைநடையும், சிறுகதைகளும், கட்டுரைகளும் பெருகின.

ஆயினும் பொருள் வரவு இல்லை. ‘இந்தியா’ 1910இல் நின்றது. கனவு, ஆறில் ஒரு பங்கு ஆகிய நூல்களை 1911இல் சென்னை அரசு தடை செய்தது. வறுமையுற்ற அந்நாளில் வாடகை கேட்டு வருத்தாத வீட்டுக்காரர் விளக்கெண்ணெய்ச் செட்டியாரும், குறிப்பறிந்து உதவிய புதுவை அன்பர்களுமே துணையாயினர். இறைவனுக்குச் சூட்டிய பாமாலைகள் பலவும் அவ்வன்பின் நிழலில் மலர்ந்தனவே.

1918 நவம்பரில் புதுவையை நீங்கியதும் கடலூரருகே சிறைப்பட்டு, டிசம்பரில் விடுதலை எய்தினார். 1920இல், தம் எழுத்துக்களை 40 நூல்களாக வகுத்து, நூலுக்குப் பதினாயிரம் படிகளாக நான்கு இலட்சம் படிகள் அச்சிடத் திட்டமிட்டு, அன்பர்களிடம் பொருள் வேண்டிச் சுற்றறிக்கை விடுத்தார். வேண்டிய தொகை சேரவில்லை. 1921 செப்டம்பரில், 39 வயது நிறையுமுன்னரே, அவ்வெண்ணம் ஈடேறாமல் இறைவனடி சேர்ந்தார்.

அவர் விட்ட பணியைத் துணைவியார் செல்லம்மாள் தொடங்கினார். பாஞ்சாலி சபதத்தின் இரண்டாம் பாகமும், கீதை மொழிபெயர்ப்பும், விநாயகர் நான்மணிமாலையும் அவர் மறைந்த பின்னரே அச்சேறின. 1949இல் சென்னை அரசு நூலுரிமையைப் பெற்றது. பின்னர் அவை மக்களின் பொதுவுடைமையாயின.

அவர் வேண்டிய நான்கு இலட்சத்தினும் மிகுதியான படிகள் இன்று தமிழர் இல்லங்களில் திகழ்கின்றன. காலத்தே வந்திருப்பின் அப்பொருள் கவிஞரின் கண்களைக் குளிர்வித்திருக்கும். கோபுரத்துக்குக் கல் ஈந்து திருப்பணி புரியும் அன்பர்கள், இறைவன் புகழ் பாடும் ஏட்டுக்கும் காலத்தால் ஈவாராயின், அதுவும் திருப்பணியே ஆகும். மணக்குளத்து ஐங்கரன் அந்நன்மனத்தை அனைவர்க்கும் அருள்வானாக!