தூத்துக்குடிக்குத் திரும்பினார் வ.உ.சி.

கப்பலோட்டிய தமிழர் வ.உ.சிதம்பரம் பிள்ளை என்றதும் கப்பலும் செக்கும் நம் நினைவுக்கு வரும். ஆனால், முதுமையில் அவர் மீண்டும் தூத்துக்குடிக்கே வந்து வாழ்ந்த கடைசி ஆண்டுகளைப் பற்றி அதிகம் பேசுவாரில்லை.

1872 செப்டம்பர் 5-ந் தேதி ஒட்டப்பிடாரத்தில் பிறந்த பிள்ளையவர்கள், தூத்துக்குடியில் வக்கீல் தொழில் நடத்தினார். கொழும்புக் கப்பல் போக்குவரத்து வெள்ளையர் கம்பெனியின் கையில் இருந்த காலம் அது. 1906 அக்டோபரில் சுதேசிக் கப்பல் கம்பெனியைப் பதிவு செய்தார். கப்பலில்லாமல் ஊர் திரும்புவதில்லை என்று சபதம் செய்து பம்பாய்க்குப் புறப்பட்டார். 1907-ல் காலியா, லாவோ ஆகிய கப்பல்கள் வந்தபோது தூத்துக்குடி மக்கள் அடைந்த மகிழ்ச்சிக்கு அளவில்லை. வெள்ளைக் கம்பெனி கட்டணத்தைக் குறைத்தது. இலவசப் பயணத்தோடு குடையும் தருவதாக ஆசை காட்டியது. மக்கள் மசியவில்லை.

1908 பிப்ரவரியில் கோரல் மில் தொழிலாளர் வேலைநிறுத்தத்தை முன்னின்று நடத்தி வெற்றி கண்டார். மார்ச் 12-ந் தேதி கைதானார். மறுநாள் திருநெல்வேலி கொந்தளித்தது. துப்பாக்கிச் சூட்டில் நால்வர் மாண்டனர். தூத்துக்குடித் தொழிலாளரும் வேலைக்குச் செல்ல மறுத்தனர்.

விதிக்கப்பட்ட தண்டனை 40 ஆண்டு. அப்பீலில் அது 6 ஆண்டாகக் குறைந்தது. கோவைச் சிறையில் செக்கிழுத்தார். பின் கண்ணனூர்ச் சிறைக்கு மாற்றப்பட்டார். 1912 டிசம்பரில் விடுதலையானபோது வரவேற்கப் பெருங்கூட்டம் எதுவும் இல்லை. கம்பெனி 1911-லேயே கலைக்கப்பட்டு, காலியா கப்பல் வெள்ளையர் கம்பெனிக்கே போய்ச் சேர்ந்திருந்தது. வக்கீல் சன்னதும் பறிபோயிருந்தது.

சென்னையில் கடை வைத்துப் பார்த்தார். கோவையில் வங்கி வேலை செய்தார். வாலேஸ் என்ற நீதிபதி சன்னதைத் திரும்பப் பெற உதவினார். நன்றி மறவாத பிள்ளையவர்கள் தம் மகனுக்கு வாலேசுவரன் என்று பெயரிட்டார். கோவில்பட்டியில் சில ஆண்டுகள் வழக்காடினார்.

1932-ல் மீண்டும் தூத்துக்குடி. அதே கடற்கரை, அதே துறைமுகம். அவருடைய கப்பல்கள் மட்டும் அங்கே இல்லை. அந்தக் கடலைக் காணும்போதெல்லாம் பழைய நாட்கள் அவர் மனத்தில் எழாமல் இருந்திருக்குமா? ஆயினும் அவர் சோர்ந்து உட்காரவில்லை. வறுமையும் கடனும் வாட்டிய நிலையிலும் தமிழ்ப் பணியில் மூழ்கினார். 1935-ல் சிவஞான போதத்துக்கு எளிய உரை எழுதி வெளியிட்டார்.

இறுதி நெருங்கியபோது, தூத்துக்குடி காங்கிரஸ் அலுவலகத்துக்குத் தம்மைக் கொண்டு செல்லுமாறு கேட்டுக்கொண்டார். 1936 நவம்பர் 18-ந் தேதி அங்கேயே அவர் உயிர் பிரிந்தது.

நாடு விடுதலை பெற இன்னும் 11 ஆண்டுகள் இருந்தன. தூத்துக்குடித் துறைமுகம் அவர் பெயரைப் பெற்றதோ 2011-ல்தான். கப்பலை இழந்து அவர் திரும்பி வந்த அந்தத் துறையில், இன்று வந்து சேரும் கப்பலெல்லாம் வ.உ.சி. துறைமுகத்தில்தான் நங்கூரம் இடுகின்றன.