கடன் தீர்த்த படைத்தலைவர்

போரிற் பெற்ற வெற்றியைக் கொண்டு ஒருவனை வீரன் என்று உலகம் கொண்டாடும். ஆயின் அவ்வெற்றியின் ஆரவாரம் அடங்கி, பதவியும் பொருளும் நீங்கி, உடலும் தளர்ந்த காலத்து அவன் எங்ஙனம் ஒழுகினான் என்பதனை நோக்கியே அவன் பெருமையை அளத்தல் வேண்டும். அவ்வாறு அளக்கப்படும்போதும் குறைவுபடாது நின்ற ஒருவரது சரித்திரத்தை ஈண்டுச் சுருங்கக் கூறுவாம். அவர், அமெரிக்க ஐக்கிய நாட்டின் படைத்தலைவராயும் பின்னர் அந்நாட்டின் 18-ஆவது ஜனாதிபதியாயும் விளங்கிய யூலிஸிஸ் கிராண்ட் என்பார்.

இவர் 1822-ஆம் ஆண்டு ஏப்ரல் மாதம் 27-ஆம் நாள் ஒஹையோ மாகாணத்திற் பிறந்தார். தந்தையார் தோல் பதனிடும் தொழிலினர். மைந்தர்க்கோ அத்தொழிலில் அருவருப்பே மிகுந்திருந்தது. குதிரைகளைப் பழக்குவதில் மட்டும் இளமையிலேயே வல்லவராயிருந்தார். தந்தையாரின் விருப்பத்துக்கு இணங்கி 1839-இல் வெஸ்ட் பாயிண்ட் இராணுவக் கல்லூரியிற் சேர்ந்து, 1843-இல் மாணவர் 39 பேருள் 21-ஆவதாகத் தேறினார். 1846 முதல் 1848 வரை நடந்த மெக்ஸிகோப் போரில் தீரத்தோடு பொருதார். எனினும் அப்போர் மெலியார்மேல் வலியார் தொடுத்த அநீதியென்றே பிற்காலத்து எழுதிவைத்தார். 1848-இல் ஜூலியா என்னும் நங்கையை மணந்தார்.

பின்னர் மேலைக் கடற்கரையிலுள்ள ஒரு தொலைவான பாசறைக்கு அனுப்பப்பட்டார். மனைவி மக்களை வருவித்துக்கொள்ள அவரது சம்பளம் போதவில்லை. தனிமை வாட்டியது, குடிப்பழக்கமும் பற்றியதென்று பேச்செழுந்தது. 1854-இல் உத்தியோகத்தைத் துறந்து, நியூயார்க் நகரை அடைந்தபோது கையிற் பொருளில்லை. அங்கே, உடன் பயின்ற நண்பராகிய ஸைமன் பக்னர் என்பார், அவருடைய விடுதிக் கட்டணத்துக்குத் தாம் பொறுப்பேற்று உதவினார். இப்பக்னரை அன்பர்கள் நினைவில் வைத்துக்கொள்க. இவர் இச்சரித்திரத்தில் இன்னும் மும்முறை வருவார்.

அடுத்த ஆறாண்டுகள் வறுமைக் காலமாகும். செயிண்ட் லூயிஸ் நகருக்கு அருகே உழுது பயிரிட்டார், பலன் கிட்டவில்லை. விறகு வெட்டி வண்டியிலேற்றி அந்நகர வீதிகளில் விற்றார். 1857-ஆம் ஆண்டு கிறிஸ்துமஸ் பண்டிகைக்கு முன் தம் கடிகாரத்தை 22 டாலருக்கு அடகு வைத்தார். அக்காலத்தில் அவர்பால் வில்லியம் ஜோன்ஸ் என்னும் அடிமை ஒருவர் இருந்தார். அவரை விற்றிருந்தால் குடும்பத்தின் இடர் தீரப் பெரும்பொருள் வந்திருக்கும். கிராண்டோ 1859-இல் ஒரு காசும் பெறாமல், விடுதலைப் பத்திரம் எழுதிக்கொடுத்து அவரை விடுவித்தார். மறுவருடம், இளமையில் தாம் வெறுத்த தோல் வாணிகத்துக்கே சென்று, கலீனா என்னும் ஊரிலிருந்த தந்தையாரின் கடையில் தம்பியரோடு ஊழியம் புரிந்தார்.

1861-இல், அடிமை முறையைக் காத்தற்பொருட்டுத் தென் மாகாணங்கள் பிரிந்து நிற்க, உள்நாட்டுப் போர் மூண்டது. கிராண்ட் வடநாட்டுப் படையிற் சேர்ந்து ஒரு பட்டாளத்துக்குத் தலைவரானார். 1862 பிப்ரவரியில் டானல்ஸன் கோட்டையை முற்றுகையிட்டார். உள்ளேயிருந்த மேற்றலைவர் இருவர் தப்பியோட, கோட்டையை ஒப்புவிக்கும் பொறுப்பு எஞ்சிய தலைவர்மேல் வீழ்ந்தது. அவரே பக்னர். அவர் உடன்பாடு வேண்டினார். நிபந்தனை யாதுமின்றிச் சரணடைதல் வேண்டும் என்று கிராண்ட் மறுமொழி விடுத்தார். போர்க்கடமையில் நட்புக்கு இடந்தரவில்லை. ஆயின் சரண் முடிந்தபின் பக்னரைத் தனியே அழைத்து, செலவுக்கு எடுத்துக்கொள்ளுமாறு தம் பணப்பையையே நீட்டினார்.

1863 ஜூலை 4-ஆம் நாள், 47 நாள் முற்றுகைக்குப்பின் விக்ஸ்பர்க் கோட்டை அவர் வசமாயிற்று. மிஸிஸிப்பி ஆறு முழுதும் வடநாட்டார் ஆட்சிக்குட்படவே, தென்னாடு இரு கூறாயிற்று. 1864 மார்ச்சில் லிங்கன் அவரைப் படைகள் அனைத்துக்கும் தலைவராக்கினார். வர்ஜீனியாவில் அவ்வாண்டு நிகழ்ந்த போர்களில் உயிர்ச்சேதம் மிகப் பெரிது. கோல்டு ஹார்பர் என்னுமிடத்தில் தாம் ஏவிய தாக்குதல் பயனின்றி வீரர் பலரை மாய்த்ததென்று அவர் இறுதிவரை வருந்தினார்.

1865 ஏப்ரல் 9-ஆம் நாள் தென்னாட்டுத் தளகர்த்தர் ராபர்ட் லீ, அப்பமாட்டாக்ஸ் என்னும் சிற்றூரிற் பணிந்தார். தோற்றவரைக் கிராண்ட் சிறையிடவில்லை. மீண்டும் படையெடுப்பதில்லையென்று வாக்களித்து வீடு செல்ல விடுத்தார். இளவேனில் உழவுக்கு வேண்டுமென்று, சொந்தக் குதிரை உடையாரை அவற்றோடு போகவிட்டார். பசித்திருந்த பகைவர்க்கு 25,000 பேருக்குரிய உணவு அனுப்பினார். களிப்பால் பீரங்கி முழக்கத் தொடங்கிய தம் படையினரையும் தடுத்தார். சில திங்களில் லீயின்மேல் இராசத்துரோகக் குற்றம் சாட்டப்பட்டபோது, தாம் கொடுத்த வாக்குப் பொய்க்குமாயின் பதவியைத் துறப்பதாக ஆட்சியாளர்க்கு அறிவித்தார். வழக்கு நின்றுபோயிற்று.

1869 முதல் 1877 வரை அவர் ஜனாதிபதியாயிருந்தார். விடுதலை பெற்ற கறுப்பு மக்களை வதைத்த கூட்டத்தாரைச் சட்டத்தாலும் படையாலும் ஒடுக்கியது அவ்வாட்சியின் புகழாகும். அவர் நம்பிய உத்தியோகஸ்தர் சிலர் கைக்கூலி வாங்கியது அதன் இழுக்காகும். தாம் பொய்யறியாதவராகலின் பிறர் பொய்யையும் எளிதில் அறியமாட்டாதவராயிருந்தார். இக்குறையே முதுமையில் அவரைக் கவிழ்த்தது.

நியூயார்க் நகரில் அவர் புதல்வருள் ஒருவரும் பெர்டினாண்டு வார்டு என்பவனும் கூடி நடத்திய பணவாணிகத்தில் அவர் தம் பொருள் முழுவதையும் இட்டார், கணக்கையோ பார்த்தாரல்லர். 1884 மே மாதத்தில் வார்டு அவரிடம் வந்து, ஒரு பாங்கியைக் காக்க உடனே 1,50,000 டாலர் வேண்டுமென்றான். கிராண்ட், வாண்டர்பில்ட் என்னும் செல்வரிடம் தம் பொறுப்பில் அத்தொகையைக் கடனாகப் பெற்றுக் கொடுத்தார். இரண்டு நாளில் வாணிகம் முறிந்தது. எல்லாம் வார்டின் வஞ்சகமென வெளியாயிற்று. கிராண்ட் கையில் எஞ்சியது செலவுக்குரிய சில்லறையே. வாண்டர்பில்ட் அக்கடனை மறந்துவிட முன்வந்தார். கிராண்ட் இசையவில்லை. தம் வீடு நிலங்களையும், போரிற் பெற்ற வாள்களையும், பதக்கங்களையும், பிற நாட்டு அரசர் தந்த பரிசுகளையும் அவரிடமே ஒப்புவித்தார். அப்பரிசுகள் பின்னர் நாட்டின் உடைமையாயின.

அவ்வாண்டிலேயே தொண்டையிற் புற்றுநோய் கண்டது. தமக்குப்பின் மனைவிக்கு ஆதரவில்லையே என்று கருதி, தம் வாழ்க்கை வரலாற்றை எழுதத் துணிந்தார். எழுத்தாளர் மார்க் டுவெய்ன், இலாபத்தில் நூற்றுக்கு 70 பங்கு தருவதாகக் கூறி அதனை வெளியிட ஏற்றார். ஜனாதிபதியானபோது கிராண்ட் விட்டுக்கொடுத்த படைத்தலைவர் பதவியை, ஓய்வூதியத்தோடு 1885 மார்ச்சில் அமெரிக்கச் சட்டசபை மீண்டும் அளித்தது. உணவு விழுங்கவும் இயலாத நோயிலும் அவர் நாள்தோறும் எழுதினார். குரலும் அற்றபின் சீட்டுகளில் எழுதியே பேசினார். அப்போது அவரைக் காண மலையேறி வந்தார் ஒரு முதியவர், அவர் பக்னரே. ஜூலையில் நூல் முடிந்தது. சில நாட்களுள், 23-ஆம் நாள், கிராண்டின் உயிர் பிரிந்தது. சவ ஊர்வலத்தில் உடன் சென்ற சிறப்புக்குரியார் வரிசையில் அன்று தோற்ற தென்னாட்டுத் தளகர்த்தரும் இருந்தனர். அவருள்ளும் பக்னர் ஒருவர். இரண்டு பாகங்களாக வெளிவந்த அந்நூலால் ஜூலியா அம்மையார்க்கு ஏறத்தாழ 4,50,000 டாலர் கிடைத்தது.

இச்சரித்திரத்தினின்று நாம் கொள்ளத்தக்கன இரண்டு. தம் பெயரை நம்பிப் பிறர் பொருளிடும் வாணிகத்தில், அதன் கணக்கைத் தம் கண்ணாற் காணாதிருத்தல் நல்லோர்க்கும் தகாது. இதிற் கிராண்ட் தவறினார். தவறியபின், கடன் கொடுத்தவரே விடினும் தாம் விடாமல், இறுதி மூச்சுவரை உழைத்து அக்கேட்டினின்று குடும்பத்தை மீட்டார். பகைவர்க்கு உரைத்த சொல்லையும், நண்பரிடம் பட்ட கடனையும் ஒருநிகராகப் போற்றிய அவருடைய வாழ்வை நம் இளைஞர் ஊன்றிக் கற்பாராக.