மாற்றாரை மதித்த மாண்பு

திருப்பூரை ஒட்டியுள்ள வேலம்பாளையம் முன்னாளில் தனியூராக விளங்கியது. பின்னர் நகராட்சியாக வளர்ந்து, 2011ஆம் ஆண்டில் திருப்பூர் மாநகராட்சியோடு இணைந்தது. பின்னலாடைத் தொழிலை நாடித் தென்மாவட்டங்களிலிருந்தும் வடமாநிலங்களிலிருந்தும் வந்தோர் பலர் இன்று இப்பகுதியில் வாழ்கின்றனர். அவர்கள் இங்கே எளிதில் கற்றுக்கொள்ளும் சொற்களுள் ஒன்று ‘வாங்க’ என்பதாம். வந்தவரை இன்முகத்துடன் அழைத்து, அமரச் செய்து, முதலில் தண்ணீர்ச் செம்பை நீட்டுவது கொங்கு நாட்டு வழக்கம். சொல்லுக்குச் சொல் ‘ங்க’ சேர்த்துப் பேசும் இவ்வழக்கைப் பிற மாவட்டத்தார் வேடிக்கையாகக் கூறுவதும் உண்டு. அவ்வேடிக்கையில் சிறிது பொறாமையும் கலந்திருத்தல் கூடும்!

இவையெல்லாம் எந்த நூலிலும் எழுதப்படாத விதிகள். ஆயின், எழுதப்படாத விதிகள் அனைத்தும் நல்லவையாக இருந்துவிடவில்லை. முற்காலத்தில் அதே தண்ணீர்ச் செம்பு சிலருக்குக் கையில் நீட்டப்பட்டது. சிலருக்குத் தரையில் வைக்கப்பட்டது. சிலருக்குத் தரப்படவே இல்லை. முதியவர் ஒருவரைச் சிறுவன் ‘வாடா, போடா’ என்று அழைப்பதும், அம்முதியவர் தோளில் கிடந்த துண்டை இடுப்பில் கட்டிக்கொண்டு பணிவதும் அந்நாளில் மரியாதை என்றே எண்ணப்பட்டன. மரியாதை என்னும் பெயரால் வழங்கிய இவ்விருவகை வழக்கங்களையும் பிரித்துப் பார்த்தவர், கொங்கு நாட்டு ஈரோட்டில் தோன்றிய பெரியார் ஈ.வெ. இராமசாமி ஆவார்.

அவர் 1879ஆம் ஆண்டு செப்டம்பர்த் திங்கள் 17ஆம் நாள் பிறந்தார். தந்தையார் வெங்கடர் செல்வம் மிக்க வணிகர், தாயார் சின்னத்தாயம்மையார். இருவரும் சமயப் பற்று மிக்கவர்கள். சிறுவன் இராமசாமி பள்ளியில் பயின்றது சில ஆண்டுகளே. எனினும், அக்காலத்தில் நிகழ்ந்த ஒன்று அவர் உள்ளத்தில் நெடுங்காலம் தங்கியது. நீர் வேட்கை மிகுந்த ஒரு நாள், அவர் தம் ஆசிரியர் இல்லத்திற்குச் சென்று தண்ணீர் கேட்டார். பாத்திரத்தை உதட்டில் படாமல் தூக்கிக் குடிக்க வேண்டும் என்று கூறினர். அவ்வாறு குடித்து வைத்தபின், அதன்மேல் நீர் ஊற்றிக் கழுவியே உள்ளே எடுத்துச் சென்றனர். தண்ணீர் கிடைத்தது, தாகமும் தணிந்தது. ஆயினும், பாத்திரத்தைக் கழுவிய அச்செயல் அவர் நெஞ்சைச் சுட்டது. தம் குடும்பத்தார் புழங்கக்கூடாது என்று விலக்கிய வீடுகளுக்கு அவர் வேண்டுமென்றே சென்று, அங்குத் தந்ததை உண்டு மகிழ்ந்தார். அது கண்டு சினந்த பெற்றோர் அவர் காலில் விலங்கு பூட்டினர். அவரோ விலங்கோடும் அத்தோழர்களை நாடிச் சென்றார்.

வளர்ந்து வணிகராகி, ஈரோடு நகராட்சித் தலைவராகவும் விளங்கிய அவர், பின்னர்க் காங்கிரசில் சேர்ந்து கதர் மூட்டையைத் தோளில் சுமந்து ஊர் ஊராக விற்றார். 1921ஆம் ஆண்டில் காந்தியடிகள் ஈரோட்டில் அவர் இல்லத்திலேயே தங்கினார். விருந்தினர் வருகை ஓயாத இல்லம் அது. தில்லிக்குச் செல்லும் வழியில் திருவிதாங்கூர் மன்னரும் ஈரோட்டில் அவர் மாளிகையில் தங்கியதுண்டு.

அவ்விருந்தோம்பல் 1924ஆம் ஆண்டில் ஒரு சோதனையாக வந்து நின்றது. திருவிதாங்கூரைச் சேர்ந்த வைக்கத்தில், கோயிலைச் சுற்றியுள்ள தெருக்களில் தாழ்த்தப்பட்டோர் நடத்தல் கூடாது என்னும் தடையை எதிர்த்துக் கிளர்ச்சி எழுந்தது. அதனை நடத்தப் பெரியார் சென்றபோது, மன்னரின் அதிகாரிகளே எதிர்கொண்டு வரவேற்றனர். அரசரை உபசரித்தவர்க்கு அரசு செய்த கைம்மாறு அது. பெரியார் அவ்வரவேற்புக்கு நன்றி கூறினார். தாம் வந்த நோக்கத்தை மட்டும் விடவில்லை. தடையைக் கண்டித்துப் பேசினார், இருமுறை சிறைப்பட்டார். விருந்துண்ட நன்றியும் வேண்டும், தெருவில் நடக்கும் உரிமையும் வேண்டும் என்றால், முன்னதற்காகப் பின்னதை விட்டுக்கொடுத்தல் முறையன்று என அவர் துணிந்தார் போலும்.

பெரியாரின் மேடைப் பேச்சு மென்மையானதன்று. கடவுளையும் சாதியையும் சடங்குகளையும் அவர் மிகக் கடுமையாகத் தாக்கினார். அதனால் பலர் மனம் புண்பட்டதும் உண்மையே. இதனை மறைத்துவிட்டு அவரைப் பண்பாளர் என்று மட்டும் புகழ்வது வரலாறு ஆகாது. ஆனால், மேடையை விட்டு இறங்கி மனிதரோடு மனிதராகப் பழகும்போது அவர் வேறு மனிதராய்த் தோன்றுவார். தம்மைக் காண வந்தவர் யாவராயினும் எழுந்து நின்று வரவேற்பார். உடல் தளர்ந்த முதுமையிலும் இவ்வழக்கத்தை அவர் விடவில்லை. பேரன் வயதுடைய தொண்டரையும் ‘வாங்க, சொல்லுங்க’ என்றே விளிப்பார். கொங்கு நாட்டார் விருந்தினருக்கு வழங்கிய ‘ங்க’வை, அது நெடுங்காலம் மறுக்கப்பட்டவர்க்கும் அவர் குறைவின்றி வழங்கினார். இது சிறிய செயலாகத் தோன்றலாம். பிறர் வாயால் ஒருமுறையேனும் ‘நீங்கள்’ என்று அழைக்கப்படாதவரே அதன் பெருமையை அறிவர்.

தமிழ்த்தென்றல் திரு.வி.க. அவர்களோடு அவர் கொண்ட நட்பு தனிச்சிறப்புடையது. திரு.வி.க. ஆழ்ந்த சிவநெறிச் செல்வர். 1925ஆம் ஆண்டு நவம்பர்த் திங்களில் காஞ்சிபுரத்தில் நடைபெற்ற காங்கிரசு மாநாட்டிற்கு அவரே தலைமை தாங்கினார். வகுப்புவாரி உரிமை வேண்டிப் பெரியார் கொணர்ந்த தீர்மானம் அங்கே ஏற்கப்படவில்லை. பெரியார் மாநாட்டை விட்டு வெளியேறினார். அரசியலில் இருவரும் பிரிந்தனர், நட்பில் பிரியவில்லை. ஒருமுறை திரு.வி.க. ஈரோட்டில் பெரியாரின் விருந்தினராய்த் தங்கியிருந்தார். காலையில் அவர் நீராடி எழுந்தபோது, கடவுள் இல்லை என்று ஊரெங்கும் முழங்கிய பெரியார், திருநீற்றுடன் அவர் எதிரே காத்து நின்றார் என்பர். விருந்தினர் உணவு கொள்ளுமுன் அவர்க்கு எது இன்றியமையாதது என்பதை அறிந்து அளிப்பது வீட்டுக்குரியவர் கடமையன்றோ? அதில் தம் கொள்கைக்கு இழுக்கு நேர்ந்ததாக அவர் கருதவில்லை.

அவரே விருந்தினராய்ச் சென்ற இடத்திலும் இவ்வாறே நடந்தார். குன்றக்குடி அடிகளார் அருள்நெறித் திருக்கூட்டம் கண்டு கடவுள் நெறியைப் பரப்பியவர். அடிகளாரின் மடத்தில் திருநீறு அளிக்கப்பட்டபோது, பெரியார் மறுக்காமல் ஏற்றுக்கொண்டார். விழா மேடைகளில் இறைவணக்கம் பாடப்பெறும்போது, இருவர் தோளைப் பற்றிக்கொண்டேனும் எழுந்து நிற்பார். அமர்ந்ததும், கடவுள் இல்லை என்று பேசுவார்!

1934ஆம் ஆண்டில் திருப்பூரில் நடைபெற்ற செங்குந்தர் இளைஞர் மாநாட்டில் இளைஞர் ஒருவர் பேசினார். படிப்பை முடிக்கும் நிலையிலிருந்த அவர் காஞ்சிபுரத்து அண்ணாதுரை. அவரைப் பெரியார் அருகழைத்து, படிக்கப் போகிறாரா, வேலைக்குப் போகப் போகிறாரா என்று பரிவுடன் வினவினார். பொதுப்பணியில் ஈடுபடுவதே தம் விருப்பம் என்றார் இளைஞர். இவ்வாறு தொடங்கிய உறவு 1949ஆம் ஆண்டில் முறிந்தது. அண்ணா தனிக்கட்சி தொடங்கினார். பதினெட்டு ஆண்டுகள் இருவரும் எதிரெதிர் அணியில் நின்றனர். 1967ஆம் ஆண்டுத் தேர்தலிலும் பெரியார் அண்ணாவின் கட்சியை எதிர்த்தே பேசினார். வெற்றி பெற்ற அண்ணாவோ, முதலமைச்சர் பதவி ஏற்குமுன் திருச்சிக்குச் சென்று பெரியாரைக் கண்டார். பெரியார் நாணத்தோடும் மகிழ்ச்சியோடும் அவரை வரவேற்றார். எதிர்த்தவரிடம் வந்து வணங்குவதும், தோற்கடிக்க முயன்ற கையாலேயே வாழ்த்துவதும் எளியவை அல்ல. அன்று அவ்விரண்டும் நிகழ்ந்தன.

அரசியலில் அவர் மிகக் கடுமையாக எதிர்த்தவர்களுள் ஒருவர் இராசாசி. எனினும், சேலத்திலும் ஈரோட்டிலும் நகராட்சிப் பணி ஆற்றிய நாள்களில் அவ்விருவரிடையே அரும்பிய நட்பு இறுதிவரை வாடவில்லை. 1972ஆம் ஆண்டு டிசம்பர்த் திங்கள் 25ஆம் நாள் இராசாசி மறைந்தார். 93 வயது நிரம்பியிருந்த பெரியார் சக்கர நாற்காலியில் சுடுகாடு வரை சென்றார். அங்கே அவர் கண்ணீர் வடித்ததைக் கூடியிருந்தோர் கண்டனர். அடுத்த ஆண்டு டிசம்பர் 24ஆம் நாள், வேலூர் மருத்துவமனையில் பெரியாரும் உயிர்நீத்தார்.