வானொலியில் கதை சொன்ன பெரியவர் தென்கச்சி கோ. சுவாமிநாதன்



ஜூபிலி மலர்களில் புனிதர்களின் வரலாறும் வேதபோதகர்களின் வரலாறும் இடம்பெறுவது வழக்கம். இங்கு நாம் எழுத எடுத்துக்கொண்டவர் நம் திருச்சபையைச் சேர்ந்தவரல்லர். ஆயினும் நற்செய்தி அறிவிக்கும் கடமையுள்ள நமக்கு அவரிடம் கற்க வேண்டிய பாடம் ஒன்றுண்டு.

இன்றைய அரியலூர் மாவட்டத்துத் தென்கச்சிப்பெருமாள்நத்தம் அவரது சொந்த ஊர். வேளாண்மைப் பட்டம் பெற்று அரசுப் பணியில் சேர்ந்த சுவாமிநாதன், பின்னர் அதனை விட்டு ஊர் திரும்பி விவசாயம் பார்த்தார். ஊராட்சி மன்றத் தலைவராகவும் இருந்தார். 1977-ல் திருநெல்வேலி வானொலி நிலையத்தில் விவசாய ஒலிபரப்புப் பிரிவில் பணியேற்றார். வானம் பார்த்த கரிசல் பூமியான நம் ஏழாயிரம்பண்ணைக்கும் எட்டிய நிலையம் அது. உழவரிடம் பேசுகிறவர் சுற்றி வளைத்துப் பேசலாகாது. சொன்னது விளங்காவிடில் ஒரு வருட வெள்ளாமை வீணாகும். அங்கே பண்பட்ட பேச்சோடு 1984-ல் அவர் சென்னை நிலையத்துக்கு மாறினார்.

1988-ல் தொடங்கிய 'இன்று ஒரு தகவல்' அவர் பெயரை வீடுதோறும் கொண்டு சென்றது. காலையில் சில நிமிடங்களே பேசுவார். கோபம், பேராசை, குடும்பச் சச்சரவு, மூடப்பழக்கம், உடல்நலம், விஞ்ஞானம் என எதையும் கிராமத்துத் திண்ணையில் பேசுவதுபோல் நிதானமாக எடுத்துச் சொல்லி, நகைச்சுவைக் கதையொன்றில் முடிப்பார். கேட்பவர் சிரிப்பார், அவர் சிரிக்கமாட்டார். யாரையும் கடிந்து பேசியதில்லை. 2002-ல் ஓய்வு பெறும்வரை இப்பணி தொடர்ந்தது. அவ்வுரைகள் பல தொகுதிகளாக நூல் வடிவும் பெற்றன. 2009 செப்டம்பர் 16 அன்று அவர் மறைந்தார்.

குருமட மாணவராயிருந்த நாட்களில் நாமும் அக்குரலைக் கேட்டதுண்டு. அன்று அது வெறும் சிரிப்பாகவே பட்டது. குருவான பின், ஒரு ஞாயிறன்று முக்கால் மணி நேரம் மறையுரை ஆற்றினோம். திருப்பலி முடிந்ததும், தீப்பெட்டி ஆலையில் பாடுபடும் தாய் ஒருவரிடம், மனதில் நின்றது என்ன என்று வினவினோம். சாமி நன்றாகப் பேசினீர்கள் என்றதற்கு மேல் அவரால் எதுவும் சொல்ல இயலவில்லை. பேச்சு வானொலிப் பக்கம் திரும்பவே, பல ஆண்டுகளுக்கு முன் தென்கச்சியார் சொன்ன கதையொன்றை ஒரு சொல் விடாமல் சொல்லிச் சிரித்தார். நமக்கு வெட்கமாயிருந்தது. அன்று முதல் நம் மறையுரை பத்து நிமிடத்தைத் தாண்டுவதில்லை.

நம் ஆண்டவரும் விதையையும் புளிப்பு மாவையும் காணாமற்போன ஆட்டையும் கொண்டல்லவா விண்ணரசை விளக்கினார்! கேட்டவர்கள் வயலிலும் அடுப்படியிலும் அதை நினைவுகூர்ந்தனர். பீடத்திலிருந்து பேசும் நாமும், பிள்ளைகளுக்கு ஞானோபதேசம் சொல்லும் பெற்றோரும், கேட்பவரின் நிலையறிந்து பேசும் வரத்தை இந்த ஜூபிலி ஆண்டில் இறைவனிடம் மன்றாடிக் கேட்போமாக.