கோட்டையூர் தந்த படக்காரர்

செட்டிநாட்டில் பிறந்த ஆம்பளப் பிள்ளை அந்தக் காலத்தில் பர்மாவுக்குக் கொண்டுவிக்கப் போவான். வட்டிக்கடையில் பெட்டியடிப் பையனாய் உட்காருவான். எங்கள் வலையபட்டிப் பக்கமும் இதே கதைதான். காரைக்குடிக்குப் பக்கத்தில் உள்ள கோட்டையூரில் 1911-ல் பிறந்த ஏ.கே.செட்டியாரும் ரங்கூன் போனார். ஆனால் அங்கே 'தனவணிகன்' பத்திரிகைக்கு ஆசிரியரானார். பிறகு டோக்கியோவிலும் நியூயார்க்கிலும் புகைப்படக் கலை படித்தார். நம்மைப் போலவே கைத்தொழில் படிப்புத்தான்!

1937 அக்டோபர் 2, காந்தி பிறந்த நாள். நியூயார்க்கிலிருந்து டப்ளின் போகிற கப்பலில் இருந்தார். அப்போதுதான் காந்தியைப் பற்றி ஒரு படம் எடுத்தால் என்ன என்று தோன்றியிருக்கிறது. வயசு 26 கூட நிறையவில்லை. கையில் பெரிய பணமும் இல்லை.

இதில் எனக்குப் பிடித்தது, அவர் நடிகரை வைத்து எடுக்கவில்லை. காந்தி நடந்ததும், நூல் நூற்றதும், கூட்டத்தில் நின்றதும் முப்பது வருஷத்தில் சுமார் நூறு பேர் எடுத்த துண்டுகளாய் உலகமெங்கும் சிதறிக் கிடந்தன. இங்கிலாந்து, தென்னாப்பிரிக்கா என்று ஏறத்தாழ ஒரு லட்சம் மைல் சுற்றி அவற்றைத் தேடினார். தாமும் எடுத்துச் சேர்த்தார். மொத்தம் 50,000 அடி! அதில் 12,000 அடி மட்டும் நிறுத்திக்கொண்டார். நிமிஷத்துக்கு 90 அடி என்று கணக்குப் போட்டுப் பாருங்க, இரண்டேகால் மணி நேரம் வருது. மிச்சத்தை வெட்டித் தள்ள எவ்வளவு மனசு வேணும்!

யுத்தக் காலம், வெள்ளைக்காரன் ஆட்சி. அப்படியிருந்தும் 1940 ஆகஸ்டில் தமிழில் படம் வெளிவந்தது. தெலுங்கு, இந்தியிலும் வந்து, 1953-ல் ஆங்கிலத்திலும் வந்தது.

1943-ல் தொடங்கிய 'குமரி மலர்' பத்திரிகையை 1983-ல் கண்மூடும் வரை நடத்தினார். ஊரெல்லாம் படம் பிடித்த மனுஷருக்குத் தன்னைப் படம் பிடிப்பது மட்டும் ஆகாது. பயணக் கட்டுரைகளிலும் நான், நான் என்று முன்னால் வந்து நிற்கமாட்டார்.

அந்தத் தமிழ்ப் படம் முழுசாக இன்று இல்லை. சுருக்கிய ஆங்கிலப் படம் மட்டும் அமெரிக்கப் பல்கலைக்கழகம் ஒன்றில் பிற்பாடு கிடைத்தது. எங்கள் பக்கத்துப் பெரிய வீடுகளில் வருஷக்கணக்காய்ப் பூட்டிக் கிடக்கும் அறைகளைப் பார்க்கும்போதெல்லாம், உள்ளே பிலிம் சுருட்டிய தகர டப்பா ஏதாவது இருக்குமோ என்று எனக்கு ஒரு நப்பாசை.