ஏணியில் ரெயிலை ஏற்றியவர்

ஏணியில் மனிதன் ஏறுவான். ரெயில் ஏறுமா?

ஏற்ற முடியும் என்று ஒருவர் நம்பினார். ஏற்றியும் காட்டினார். அவர் பெயர் நிக்கலஸ் ரிக்கன்பாக். நீலகிரியில் புகை கக்கியபடி மலை ஏறுகிறதே, அந்த ரெயிலுக்குத் தொடக்கத்தில் திட்டம் போட்டவர்களில் அவரும் ஒருவர்.

1817-ம் ஆண்டு மே மாதம் 21-ந்தேதி, பிரான்சு நாட்டின் அல்சாஸ் பகுதியில் ரிக்கன்பாக் பிறந்தார். குடும்பம் சுவிட்சர்லாந்தைச் சேர்ந்தது. சிறு வயதிலேயே தந்தை இறந்துவிட்டார். தாய், பிள்ளைகளை அழைத்துக்கொண்டு பேசல் நகருக்கு வந்தார். பெரிய படிப்புக்கு வசதி இல்லை. பையன் பட்டறை வேலைக்குப் போனான்.

பிழைப்பைத் தேடிப் பாரீஸ் சென்றார். பகலில் பட்டறை. இரவில் கணக்குப் பாடம், பவுதிகப் பாடம். அங்கேதான் ரெயில் எஞ்சின் மீது ஆசை பிறந்தது. 1840-ல் ஜெர்மனியில் கார்ல்ஸ்ரூ நகரத்து எஞ்சின் தொழிற்சாலையில் சேர்ந்தார். பின்னர் சுவிட்சர்லாந்துக்குத் திரும்பி, ஆல்டன் நகரில் ரெயில்வே பணிமனைக்குத் தலைவர் ஆனார்.

வழுக்கிய சக்கரம்

ஆல்டன் பக்கத்தில் ஒரு மலைப்பாதை. அதில் எஞ்சின் ஏறும்போது சக்கரம் நின்ற இடத்திலேயே சுழலும். வண்டி நகராது.

நெல் மூட்டை ஏற்றிய மாட்டு வண்டி கண்மாய்க் கரை ஏறுவதை மேலூர்ப் பக்கத்து மக்கள் பார்த்திருப்பார்கள். மாட்டின் குளம்பு மண்ணில் பதியும். அதனால் வண்டி ஏறும். இரும்புத் தண்டவாளத்தில் இரும்புச் சக்கரம் எங்கே பதியும்?

ரிக்கன்பாக் யோசித்தார். இரண்டு தண்டவாளங்களுக்கும் நடுவே, நீளமாக ஓர் இரும்பு ஏணியைப் படுக்க வைத்தார். எஞ்சினுக்கு அடியில் பல் சக்கரம் ஒன்றை மாட்டினார். சக்கரத்தின் பற்கள் ஏணிப்படிகளைப் பிடித்துப் பிடித்து ஏறும். வழுக்கும் பேச்சே இல்லை!

1863-ல் இதற்குப் பிரான்சில் காப்புரிமை பெற்றார். ஆனால் பாதை போட 8 ஆண்டு காத்திருக்க வேண்டியிருந்தது. அதற்குள் அமெரிக்காவில் மார்ஷ் என்பவர், இதே போன்ற ரெயிலை 1869-ல் வாஷிங்டன் மலையில் ஓட்டிவிட்டார்.

1871-ம் ஆண்டு மே 21-ந்தேதி சுவிட்சர்லாந்தின் ரிகி மலையில் ரெயில் ஏறியது. ஐரோப்பாவின் முதல் மலை ரெயில் அதுதான். அன்று ரிக்கன்பாக்குக்கு 54-வது பிறந்த நாள். 4 அடி போனால் 1 அடி உயரும் செங்குத்தான பாதை அது.

ஏறுவதைவிட இறங்குவதுதான் ஆபத்து. அதற்கும் அவர் வழி கண்டார். இறங்கும்போது எஞ்சினின் சிலிண்டருக்குள் காற்றை அடைத்து, அந்தக் காற்றே வண்டியை இழுத்துப் பிடிக்கும்படி செய்தார்.

நீலகிரிக்கு வந்தார்

ரிகியின் புகழ் நீலகிரிக்கு எட்டியது. அப்போது மேட்டுப்பாளையத்தில் இருந்து குன்னூருக்குப் போக மாட்டு வண்டியும் குதிரை வண்டியும்தான். 1880-ல், 63-வது வயதில், ரிக்கன்பாக் கடல் கடந்து ஊட்டிக்கு வந்தார். மலையைப் பார்த்தார். 1 லட்சத்து 32 ஆயிரம் பவுண்டு ஆகும் என்று கணக்குப் போட்டார். 1882-ல் கம்பெனியும் தொடங்கினார்கள். பணம் சேரவில்லை. திட்டம் படுத்துவிட்டது.

1891-ல் வேறு கம்பெனி வேலையை ஆரம்பித்தது. ஆனால் அவருடைய ஏணியைப் போடவில்லை. அவரிடம் வேலை பார்த்த ரோமன் அப்ட் என்பவரின் பல் தண்டவாளத்தைப் போட்டார்கள். பல் வைத்த இரண்டு இரும்புப் பட்டைகள் பக்கத்தில் பக்கத்தில் இருக்கும். ஒன்றின் பல் இருக்கும் இடத்தில் மற்றதில் பள்ளம். ஆகவே எப்போதும் ஏதாவது ஒரு பல் பிடித்தபடியே இருக்கும். குருவை மிஞ்சிய சீடன்தான்!

1899-ம் ஆண்டு ஜூன் 15-ந்தேதி குன்னூர் வரை ரெயில் திறக்கப்பட்டது. 40-வது நாள், ஜூலை 25-ந்தேதி, ஆல்டனில் ரிக்கன்பாக் காலமானார். வயது 82.

பொன்மலை எஞ்சின்

1908-ல் பாதை ஊட்டிக்கு நீண்டது. தண்டவாளங்களின் இடைவெளி ஒரு மீட்டர்தான். பல் தண்டவாளம் கல்லாறில் தொடங்கிக் குன்னூரில் முடிகிறது. அங்கே பன்னிரண்டரை அடிக்கு 1 அடி ஏற்றம். எஞ்சின் பின்னால் நின்று பெட்டிகளை மேலே தள்ளும்.

இந்தப் பாதைக்கென்றே "எக்ஸ்" வகை எஞ்சின்கள் சுவிட்சர்லாந்தில் இருந்து வந்தன. 1914 முதல் 1925 வரை 12. 1952-ல் 5. ஒவ்வொன்றிலும் 4 சிலிண்டர்கள். சமதரையில் இரண்டுக்குத்தான் வேலை. ஏற்றம் வந்ததும், அந்த இரண்டும் விட்ட நீராவியே மற்ற இரண்டுக்கும் போய்ப் பல் சக்கரத்தைச் சுற்றும். ஒரு சொட்டு ஆவியையும் வீணாக்காத சிக்கனம்!

2005-ல் யுனெஸ்கோ இந்த ரெயிலை உலகப் பாரம்பரியச் சின்னம் ஆக்கியது. ஆனால் எஞ்சின்கள் கிழடு தட்டிவிட்டன. புதிது வாங்கக் கடை ஏது? திருச்சி பொன்மலைப் பணிமனைத் தொழிலாளர்கள் தாங்களே செய்ய இறங்கினார்கள். 2011-ல் எண்ணெயில் ஓடும் புது "எக்ஸ்" எஞ்சின் வந்தது. 2021-ல், பழைய மாதிரியே நிலக்கரி போட்டு ஓட்டும் எஞ்சினையும் செய்து மலைக்கு அனுப்பினார்கள்.