டாலிஞ்சர் ஐயரும் அவர் வளர்த்த சிற்றுயிர்களும்

டார்வின் பெருமகனார் 1859-ஆம் ஆண்டில் உயிரினங்களின் தோற்றத்தைப் பற்றிய தம் நூலை வெளியிட்டார். அக்கொள்கையை ஒப்ப மறுத்தார் கையில் வலிய வினா ஒன்று இருந்தது: ஓர் உயிரினம் மாறுவதைக் கண்ணாற் கண்டவர் யார்? யானையும் குதிரையும் மாறுவதைக் காண மனிதனுக்கு வாழ்நாள் போதாதன்றோ? இவ்வினாவிற்கு விடை காணப் புகுந்தவர் திருச்சபைப் போதகர் ஒருவர் என்பதை அறியுங்கால் நாம் வியப்புறுகின்றோம்.

வில்லியம் ஹென்றி டாலிஞ்சர் 1839-இல் இங்கிலாந்திலுள்ள டெவன்போர்ட் நகரிற் பிறந்தார். 1861-இல் வெஸ்லியன் சபையிற் குருத்தொண்டு ஏற்றார். லிவர்ப்பூல் நகரில் ஊழியம் செய்த காலத்தில், டிரைஸ்டேல் என்னும் மருத்துவருடன் கூடி உருப்பெருக்கியின் முன் அமர்ந்தார். காட் மீனின் தலை ஊறி அழுகிய நீரில் நெளியும் சிற்றுயிர்களே அவர்கள் ஆராய்ந்த பொருள். சாட்டை போன்ற மெல்லிழைகளால் நீந்தும் அவ்வுயிர்களின் பிறப்பு முதல் இறுதி வரை ஒன்றையும் விடாது காணவேண்டி, ஒருவர் மாற்றி ஒருவராக ஒரே நீர்த்துளியைக் கண்காணித்தனர். வளர்ந்த உயிரைக் கொல்லும் வெப்பத்தை அதன் நுண்வித்துக்கள் தாங்கும் என்பது அதனால் வெளிப்பட்டது. காய்ச்சிய நீரிலும் உயிர் தானே தோன்றுமென வாதித்தார்க்கு அது தக்க மறுமொழியாயிற்று. அவ்வுயிர்களில் ஒன்று இவ்விருவர் பெயராலேயே டாலிஞ்சேரியா டிரைஸ்டேலி என வழங்குகின்றது.

மாறும் சூழலில் இச்சிற்றுயிர்கள் எங்ஙனம் மாறும் என்று காணும் எண்ணத்தை ஐயர் கொண்டிருந்தார். அதனை 1878-இல் அறிந்த டார்வின் ஆர்வத்துடன் அவருக்குக் கடிதம் எழுதினார். 1880-இல் ஐயர் ராயல் சங்கத்தின் உறுப்பினராகவும் ஷெபீல்டு நகர வெஸ்லி கல்லூரியின் தலைவராகவும் ஆனார். கல்லூரிப் பொறுப்பு ஒருபுறமிருக்க, வெப்பம் பிறழாது காக்கும் கலமொன்றை அமைத்து, 60 பாகை பாரன்ஹீட்டில் வாழும் மூவகைச் சிற்றுயிர்களை அதனுள் வளர்த்தார். வெப்பத்தைச் சிறிது சிறிதாக உயர்த்தினார். சிற்சில படிகளில் உயிர்கள் நலிந்தன. அப்பொழுது அவர் வெப்பத்தை மேலும் ஏற்றாது பல மாதங்கள் பொறுத்திருந்தார். அவை மீண்டும் தழைத்த பின்னரே அடுத்த படிக்குச் சென்றார். ஒரு நாளிற் பல தலைமுறை கடக்கும் உயிர்களாதலின், மனிதன் பொறுக்கும் மாதங்கள் அவற்றிற்கு நெடும் ஊழிகள் ஆயின. நலிவைத் தாங்கிய சிலவே பெருகி, அச்சிலவற்றின் வழித்தோன்றல்களே கலத்தை நிரப்பின என்று இன்று நாம் விளக்குவோம்.

ஏறத்தாழ ஏழாண்டு கழிந்தபொழுது வெப்பம் 158 பாகையை எட்டியது. முதலில் இருந்தவற்றை அவ்வெப்பத்தில் இட்டால் மாய்ந்துவிடும். அதனினும் நம் கருத்தை ஈர்ப்பது வேறொன்று: புதியவற்றைப் பழைய 60 பாகையில் இட்டபொழுது அவையும் மாய்ந்தன! புதியன பெற்றவை பழையதை இழந்தன. பரிணாமம் என்பது மேன்மேலும் ஏறும் ஏணி எனக் கருதுவோர் இதனை எண்ணிப் பார்ப்பாராக.

1886-இல் அக்கலம் விபத்தால் அழிந்தது. ஏழாண்டு வளர்த்த குடி முழுதும் ஒழிந்தது. டார்வினோ 1882-லேயே மறைந்துவிட்டார். 1887-இல் ராயல் உருப்பெருக்கிச் சங்கத்தின் தலைவர் என்னும் முறையில் ஐயர் தம் முடிவை அறிவித்தார். அவ்வாண்டிலேயே படைத்தவரையும் படைப்பின் முறையையும் பற்றித் தம் சபையாரிடையேயும் சொற்பொழிவாற்றினார். ஆராய்ச்சியை மறைத்துப் போதகராகவோ, போதகத்தை மறைத்து ஆராய்ச்சியாளராகவோ அவர் வாழ்ந்திலர்.

இத்தகைய உட்கரு உடைய உயிர்கள் 158 பாகையிற் பெருகுதல் அரிதென்பதால், அவ்விறுதி எண்ணை இன்று ஐயுறுதற்கு இடமுண்டு. சோதித்துத் தெளிவோமெனில், ஒரு துளியேனும் எஞ்சவில்லை. 1988-இல் அமெரிக்காவில் லென்ஸ்கி என்பவர் ஒரே பாக்டீரியாவின் வழியைப் பன்னிரண்டு குடுவைகளில் வளர்க்கத் தொடங்கி, 500 தலைமுறைக்கு ஒருமுறை ஒரு பகுதியை உறையவைத்துக் காத்தார். அதனால், 31,000 தலைமுறைக்குமேல் ஒரு குடுவையில் மட்டும் சிட்ரேட்டை உண்ணும் ஆற்றல் தோன்றியபொழுது, பழைய தலைமுறைகளை உயிர்ப்பித்து அதன் வரலாற்றைத் தேட இயன்றது. உறையவைக்கும் அக்கருவி ஐயருக்கு வாய்த்திலது.

1888-இல் அவர் கல்லூரியை விட்டு நீங்கினார். சபைப் பொறுப்பு ஏதுமின்றியே குருவாக விளங்கச் சபையார் இசைந்தனர். கார்ப்பென்டரின் உருப்பெருக்கி நூலைப் புதுக்கியும், ஊர்தோறும் சொற்பொழிவாற்றியும் வாழ்ந்து, 1909-இல் இறைவனடி சேர்ந்தார்.